விண்ணுக்கு ஏறிய லிப்டின் குரல்

நான் எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள். ஆனாலும் விண்வெளி உயர்த்தி, அதாவது விண்வெளிக்குப் போகிற லிப்ட், என்றால் என்னவென்று யார் கேட்டாலும் விளங்கப்படுத்துவேன். ஏனென்றால் ஒருமுறை நானே அந்த உயர்த்தியாக இருந்திருக்கிறேன், வானொலி நாடகத்தில்.

அது சண்டைக் காலம். கல்யாணம் செய்து கொழும்பில் கொட்டாஞ்சேனைக்கு வந்த நான் இங்கே, என் ஒரே அக்கா யாழ்ப்பாணத்தில். பாதை பூட்டியிருந்தது. தொலைபேசி இல்லை. கடிதம் எப்போது போய்ச் சேரும் என்று தபாற்காரருக்கே தெரியாது. அங்கே மின்சாரமும் இல்லை. சைக்கிளைக் கவிழ்த்து வைத்துப் பெடலைச் சுற்றி, டைனமோவில் வருகிற கரண்டில்தான் சனங்கள் ரேடியோ கேட்டார்கள்.

வெள்ளிக்கிழமைகளில் நான் கோயிலில் தேவாரம் பாடுவேன். அங்கே ஒலிப்பதிவுக்கு வந்த நாடகத் தயாரிப்பாளர் ஒருவர், சொல் ஒவ்வொன்றும் தெளிவாக விழுகிறது, நாடகத்தில் கதைப்பீர்களோ என்று கேட்டார். நான் என் கணவரைக் கேட்டேன். அவர் புறக்கோட்டையில் ஒரு துணிக்கடையில் வேலை. “வீட்டில கதைக்கிறதில கொஞ்சத்தை அங்க போய்க் கதைச்சால் எனக்கும் நிம்மதிதானே” என்றார். அதையே சம்மதமாக எடுத்துக்கொண்டேன்.

முதல் நாடகத்தில் நான் ஆஸ்பத்திரித் தாதி. நோயாளியைப் பார்க்க வந்தவர்களை வெளியே போகச் சொல்வது மட்டுந்தான் என் வேலை. கொஞ்ச நாள் கழித்து யாழ்ப்பாணத்திலிருந்து வந்த ஒருவர் செய்தி கொண்டுவந்தார். அக்கா அதைக் கேட்டாவாம். கேட்டுவிட்டு அழுதாவாம், பிறகு அயலெல்லாம் போய், தங்கச்சி நல்லாயிருக்கிறாள், குரலும் நல்லாயிருக்கு என்று சொன்னாவாம்.

அதிலிருந்துதான் நாடகம் எனக்குப் பெரிய விஷயமானது. கொழும்பில் குண்டு வெடித்தால் அக்காவுக்குச் செய்தியில் அது மட்டுந்தான் தெரியும். அந்த நேரம் நான் எந்தத் தெருவில் நின்றேன் என்று யார் சொல்வது? அடுத்த நாடகத்தில் என் குரல் கேட்டால் மூச்சு விடுவா. அது முன்னமே பதிவு செய்த குரல் என்பது அவவுக்குத் தெரியாது. ரேடியோவில் நான் கதைத்தால் அந்த நிமிடம் நான் உயிரோடு இருக்கிறேன் என்றுதான் அவவின் கணக்கு. அதனால் எவ்வளவு சின்னப் பாத்திரமென்றாலும் தா முருகா என்று வேண்டிக்கொள்வேன்.

இப்படியிருக்கும்போது வெள்ளவத்தையில் விஞ்ஞானம் படிப்பிக்கிற ஒரு மாஸ்டர் புதிய நாடகம் ஒன்றை எழுதிக்கொண்டு வந்தார். பூமியிலிருந்து விண்வெளிக்கு ஒரு லிப்ட். அதிலே கதைக்கிற லிப்டாக நான்.

ஒத்திகை மாஸ்டரின் வீட்டில் நடந்தது. வானத்துக்குக் கோபுரம் கட்டினால் விழாதோ என்று முதல் நாளே கேட்டேன். அவர் சிரிக்கவில்லை. கோபுரம் இல்லையாம், கயிறாம். கீழேயிருந்து எழும்பி நிற்பதில்லை, மேலேயிருந்து தொங்குவதாம். பூமி சுழலுகிற அதே வேகத்தில், பூமியின் நடுக்கோட்டுக்கு நேர் மேலே, முப்பத்தாறாயிரம் கிலோமீற்றர் உயரத்தில் ஒரு நிலையம் சுற்றிவரும். கீழே நிற்கிற எங்களுக்கு அது ஒரே இடத்தில் நிற்பது போலத் தெரியும். அங்கிருந்து கடல் வரைக்கும் கயிற்றை இறக்குவது. நிலையத்துக்கு மேலேயும் கயிற்றை நீட்டி, நுனியில் பாரம் கட்டுவது. பூமி சுழலுகிற சுழற்சியில் அந்தப் பாரம் வெளியே இழுக்கும், கயிறு விறைத்து நிற்கும். லிப்ட் அதைப் பிடித்துக்கொண்டு நாட்கணக்கில் ஏறும்.

விளக்கமாகக் காட்டுகிறேன் என்று நூலில் வீட்டுச் சாவிகள் கோத்த திறப்புக் கோர்வையைக் கட்டித் தலைக்கு மேலே சுழற்றினார். நூல் விறைத்து நின்றது உண்மை. பிறகு அறுந்து, கோர்வை யன்னலால் பக்கத்து வீட்டுக் கூரைக்குப் போனதும் உண்மை.

“இதுதான் பிரச்சினை அக்கா” என்றார் மாஸ்டர். இரும்புக் கயிறு அவ்வளவு நீளத்துக்குத் தன் பாரத்தாலேயே அறுந்துவிடுமாம். நடுவில் தடிப்பாகவும் இரண்டு நுனியிலும் மெல்லிதாகவும் செய்தாலும் இரும்பு போதாது. அந்தப் பாரத்தைத் தாங்குகிற நூல் இன்னும் பிறக்கவில்லை. கணக்குச் சரி, நூல்தான் இல்லை. அதுவரைக்கும் இது கதைதான் என்றார்.

எனக்கு அந்த எண்ணம் நன்றாகப் பிடித்துவிட்டது. எங்களைத் தாங்குவது மேலே இருக்கிறது என்று எனக்குச் சின்ன வயதிலிருந்தே தெரியும். அதை ஒரு விஞ்ஞான மாஸ்டரும் வேறு வழியாக வந்து சொல்கிறாரே என்று நினைத்தேன். கொட்டாஞ்சேனைக்குத் திரும்பும்போது பஸ்ஸில் நின்றபடியே என் வசனங்களைப் பாடமாக்கினேன். உயரம் சொல்ல வேண்டும், கதவு திறக்கிறது மூடுகிறது என்று சொல்ல வேண்டும், யன்னலால் பூமி எப்படித் தெரிகிறது என்று சொல்ல வேண்டும்.

கடைசிப் பக்கம் பதிவுக்கு முதல் நாள்தான் கைக்கு வந்தது. லிப்ட் உச்சிக்குப் போய் நிற்கிறது. லிப்ட் சொல்ல வேண்டியது இது: “பயணிகளே, வானத்தின் உச்சிக்கு வந்துவிட்டோம். இங்கே கடவுள் இல்லை.”

அந்த மாதம் கொழும்பில் குண்டு வெடித்திருந்தது. அக்கா என் குரலுக்காகக் காதைத் தீட்டிக்கொண்டு இருப்பா என்று எனக்குத் தெரியும். வருஷா வருஷம் கந்தசஷ்டிக்குத் தண்ணீர் மட்டும் குடித்து விரதம் இருக்கிறவ. இவ்வளவு நாளுக்குப் பிறகு என்னிடமிருந்து அவவுக்குப் போகிற வார்த்தை இதுவாகவா இருக்க வேண்டும்? சொல்லமாட்டேன் என்றால் வேறு யாரையாவது போடுவார்கள். அக்கா நாடகத்தைக் கடைசி வரைக்கும் கேட்டு, என் குரல் இல்லை என்று கண்டு, அந்தக் குண்டில் நான் போய்விட்டேன் என்றே முடிவு கட்டுவா.

அன்று பின்னேரம் கோயிலுக்குப் போனேன். அழவில்லை, கெஞ்சவும் இல்லை. உன்னை இல்லை என்று என் வாயால் சொல்ல மாட்டேன், என் குரலையும் நீதான் அக்காவிடம் சேர்க்க வேண்டும், இரண்டும் உன் பொறுப்பு என்று சொல்லிவிட்டு வந்து இரவுச் சமையலைப் பார்த்தேன். நன்றாகவே நித்திரை கொண்டேன்.

அடுத்த நாள் என் பித்தளைக் குடத்தையும் தூக்கிக்கொண்டு போனேன். இயந்திரக் குரல் வரக் குடத்துக்குள் வாயை வைத்துக் கதைக்கச் சொல்லியிருந்தார் தயாரிப்பாளர். வழியில் ஆட்களைச் சோதிக்கிற சென்றிப் பொயின்ற்றில் ஆமிக்காரர் குடத்தைத் தட்டிப் பார்த்தார். எனக்குத் தெரிந்த சிங்களத்தில், ரேடியோவுக்கு என்றேன். குடத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுப் போகச் சொன்னார்.

பதிவு நன்றாகப் போனது. கடைசிப் பக்கம் வந்ததும் குடத்தை நிலத்தில் வைத்தேன்.

“ஐயா, இந்தக் கடைசி வசனத்தை நான் சொல்லமாட்டன்.”

தயாரிப்பாளர் மணிக்கூட்டைப் பார்த்தார். மாஸ்டர் பொறுமையாகத்தான் கதைத்தார். “அக்கா, உங்கட சாமியை நான் ஒண்டும் சொல்லேல்லை. இது நீங்கள் சொல்லுறதும் இல்லை. லிப்ட் சொல்லுது.”

“அதைத்தான் மாஸ்டர் நானும் கேக்கிறன். லிப்டுக்கு எப்பிடித் தெரியும்?”

“என்ன?”

“கயிறு எவ்வளவு தூரமோ அவ்வளவு தூரந்தானே அது போகுது. அதுக்கு அங்கால என்ன இருக்கு, ஆர் இருக்கினம் எண்டு லிப்ட் கண்டதோ? உயரத்தைச் சொல்லச் சொல்லுங்கோ, சொல்லுறன். கதவைத் திறக்கச் சொல்லுங்கோ, திறக்கிறன். கண்ணாலை காணாததை எப்பிடிச் சொல்லுறது? ஏறிப் போற ஆள் தன்ர எண்ணத்தைச் சொல்லட்டும். அதை நான் மறிக்கேல்லை.”

தயாரிப்பாளர் சிரிப்பை அடக்கிக்கொண்டு மாஸ்டரைப் பார்த்தார். மாஸ்டர் பேனையை எடுத்து, வசனத்துக்கு முன்னால் இருந்த லிப்ட் என்ற பெயரை வெட்டினார். பிறகு, அந்த வசனம் இல்லாமல் நாடகம் இல்லை, அதைப் பயணியிடம் கொடுக்கிறேன், பயணியாக நானே சொல்கிறேன் என்றார். அது நியாயம். அவருடைய நம்பிக்கையை அவர் சொல்லட்டும். எனக்கு, “உச்சி வந்துவிட்டது. கதவு திறக்கிறது. கவனமாக இறங்குங்கள்” என்று எழுதித் தந்தார். குடத்தை எடுத்து, ஒரே தரத்தில் சொல்லி முடித்தேன். அதற்குப் பிறகு மாஸ்டர் தன் வசனத்தைச் சொல்ல, நாடகம் முடிந்தது. நன்றாகத்தான் சொன்னார், குரலில் ஒரு கவலையும் இருந்தது.

நாடகம் ஒலிபரப்பாகிச் சில கிழமைக்குப் பிறகு அக்காவின் பக்கத்து வீட்டுக்காரி பயண அனுமதிப் பாஸ் எடுத்துக் கொழும்புக்கு வந்தா. தங்கச்சியை நேரில் பார்த்து வா என்று அக்கா சொல்லி அனுப்பியிருந்தா. அவ கதிரையில் இருக்க முதலே நான் கேட்டேன், அக்கா நாடகம் கேட்டாவோ என்று.

“ஓம், கேட்டவ. நானும் பக்கத்தில இருந்தனான். உங்களுக்குக் கடுந் தடிமன், மூக்கடைப்பு எண்டு அவவுக்குச் சரியான கவலை. கொத்தமல்லி அவிச்சுக் குடிக்கட்டாம்.”

எனக்குச் சிரிப்பும் கண்ணீரும் ஒன்றாக வந்தது. குடத்துக்குள் கதைத்த குரல் போய்ச் சேர்ந்திருக்கிறது. எனக்கு அதுதான் வேண்டியிருந்தது.

பிறகு அவ சொன்னா, முடிவு கேட்கவில்லையாம். கதவு திறக்கிறது என்று நான் சொல்லிக்கொண்டிருக்கும்போது குண்டு போடுகிற பொம்மர் விமானத்தின் சத்தம் கேட்டதாம். பெடல் சுற்றினவர் கையை விட்டுவிட்டாராம், எல்லாரும் பதுங்குகுழிக்கு, பங்கருக்குள் ஓடினார்களாம். மாஸ்டரின் வசனம் அங்கே போகவேயில்லை. அதைக் கடவுளின் வேலை என்று நான் சொல்லமாட்டேன். பொம்மரை அனுப்புகிறவர் என் கடவுள் இல்லை.

“பங்கருக்குள்ள இருந்தும் உங்கட அக்கா அதையேதான் கேட்டுக்கொண்டிருந்தவ” என்றா அவ. “அந்த லிப்டில மேல போன சனங்கள் திரும்பி இறங்கி வந்தவையோ எண்டு. உங்களிட்டைக் கேட்டுக்கொண்டு வரச் சொன்னவ.”

மாஸ்டர் எழுதிய நாடகத்தில் யாரும் பூமிக்குத் திரும்பி இறங்கவில்லை. கதவு திறந்ததோடு சரி. அதற்காக நான் யோசித்து நிற்கவில்லை.

“ஓம், இறங்கிட்டினம், ஒருத்தரும் மிச்சமில்லை எண்டு சொல்லுங்கோ. நான்தானே லிப்ட். நான்தான் எல்லாரையும் இறக்கிக் கொண்டந்து விட்டனான்.”