நூற்று முப்பத்தெட்டு: கழுத்துச் சிராய்ப்பு

கிணத்துக்கடவுக்குக் கிழக்கே இருந்த ஒரு சின்ன ஆஸ்பத்திரியில் திருமூர்த்தி டிரெஸ்ஸராகச் சேர்ந்தது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்திரண்டாம் வருஷம். டாக்டர் வெங்கடபதி வாரம் ஒருநாள் எட்டிப் பார்ப்பார். மற்ற நாளெல்லாம் ஆஸ்பத்திரி என்றால் திருமூர்த்திதான். புண்ணைக் கழுவி, அயோடின் தடவி, துணி சுற்றுவது அவருக்குக் கைவந்த வேலை. ஆனால் மனிதர் பெருமைப்பட்டது வேறொன்றில். சர்க்கார் அச்சடித்து அனுப்பிய பட்டியலில் ஒவ்வொரு நோவுக்கும் ஓர் எண் உண்டு. ஆள் படியேறும்போதே திருமூர்த்தி வாயில் எண் வந்துவிடும். டாக்டரே சில சமயம் அவரிடம் கேட்டுத்தான் எழுதுவார். அன்றைக்கெல்லாம் திருமூர்த்திக்குத் தலைகால் புரியாது.

கழுத்தில் தோல் வழன்றிருந்தால் நூற்று முப்பத்தெட்டு. அந்தப் பக்கத்தில் அதற்குப் பஞ்சமே கிடையாது. விறகுச் சுமை, கற்றாழை வேலி, பங்காளிகளின் வரப்புச் சண்டை, எல்லாம் கழுத்தில் வந்துதான் முடியும். அந்த எண் விழுந்தால் கொஞ்சம் அயோடின், அதோடு வீட்டுக்குப் போகலாம். ஆழமான காயம் என்று வேறு எண் போட்டால்தான், காயத்தில் அழுக்கு புகுந்து கழுத்தையும் தாடையையும் இறுக்கிவிடும் ரணஜன்னி வராமல் தடுக்கும் ஊசிக்குச் சீட்டு எழுதிக் கோயம்புத்தூருக்கு அனுப்ப முடியும்.

மாசாணம் வந்தது ஒரு மாசி மாதக் காலையில். ஒரு கவுண்டர் தோட்டத்துப் பண்ணையாள். மாடு பூட்டிக் கிணற்றில் கவலை இறைக்கும்போது வடம் அறுந்து கழுத்தை உரசிக்கொண்டு போயிருந்தது. மாடுகள் இறங்கி ஏறும் சரிவில் நாளெல்லாம் சாணியில் புரண்ட வடம். வழன்ற தோலின் நடுவே ஓரிடத்தில் மட்டும் காயம் சற்று ஆழமாக இறங்கியிருந்தது. திருமூர்த்தி அதைப் பார்க்கத்தான் செய்தார்.

"கோயமுத்தூருக்குப் போயி ஊசி போட்டுட்டு வாரியா?"

"இன்னிக்கி எங்க தோட்டத்துத் தண்ணி முறைங்க சாமி. உட்டுப்போட்டா மஞ்சள் காஞ்சு போயிருமுங்க. கவுண்டரு என்னைய ஊட்டுக்குப் போன்னுருவாருங்க. நீங்க பாத்துச் சொன்னாப் போதுமுங்க."

"ஒண்ணுமில்ல, போ. வெறும் சிராய்ப்புதான்."

மாசாணத்தின் முகம் தெளிந்தது. திருமூர்த்தி எண்ணை எழுதினார்.

ஏழெட்டு நாள் கழித்து அவன் திரும்ப வந்தான். கூடவே மனைவி பழனியாத்தாள். கழுத்தைத் திருப்ப முடியவில்லை என்றான். திருமூர்த்தி காயத்தைப் பார்த்தார். பொருக்குக் கட்டி அழகாக ஆறியிருந்தது. அவர் அறிவு அந்த இடத்தில்தான் அவரைக் கவிழ்த்தது. கால் காயத்தோடு வந்தவன் கழுத்து விறைக்கிறது என்று சொல்லியிருந்தால் ரணஜன்னியோ என்று தூக்கிவாரிப் போட்டிருக்கும். இவனுக்குக் காயமே கழுத்தில். கழுத்துக் காயத்துக்குக் கழுத்து வலிக்காமல் காலா வலிக்கும்?

"தோலு ஆறும்போது இழுக்கும். ஒண்ணுமில்ல."

தைலம் தடவி, பழைய எண்ணையே மறுபடி எழுதி அனுப்பிவிட்டார்.

மறுநாள் விடிந்ததும் பழனியாத்தாள் ஓடிவந்தாள்.

"ஏனுங்க சாமி, களியை வாயில வெச்சா மெல்ல முடியலீங்க. வாயே தொறக்க மாட்டீங்குதுங்க."

அது ரணஜன்னி என்று திருமூர்த்திக்கு அப்போதுதான் உறைத்தது. அவரே வண்டி பிடித்து மாசாணத்தை ஏற்றி, ரயிலடிக்குக் கொண்டுபோனார். வண்டி குலுங்கும்போதெல்லாம் அவன் உடம்பு வில்லாக வளைந்தது. நினைவு மட்டும் தப்பவில்லை. இறுகிய பல்லோடு அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு கிடந்தான். எதைக் கேட்கிறான் என்று அவருக்குத் தெரிந்தது.

"ஒண்ணுமில்ல மாசாணா," என்றார். மூன்றாவது முறையாகச் சொன்ன அதை அவரே நம்பவில்லை.

பெரிய ஆஸ்பத்திரியில் ஊசி போட்டார்கள். காயம்பட்ட அன்றைக்கே போட்டிருக்க வேண்டியது என்றும் சொன்னார்கள். மறுநாள் மாசாணம் போய்விட்டான்.

அடுத்த முறை வந்த டாக்டர் வெங்கடபதி எல்லாவற்றையும் கேட்டுவிட்டுப் பட்டியலைப் புரட்டினார். "எண் சரியாத்தானய்யா போட்டிருக்கீங்க. உங்க மேல தப்பு சொல்ல எடமில்லை," என்றார்.

பங்குனியில் பழனியாத்தாள் காய்ச்சலுக்கு மருந்து கேட்டு வந்தாள். அவளைக் கண்டதும் அவர் எழுந்து நின்றுவிட்டார். மண்ணை வாரித் தூற்றட்டும், கையெடுத்துக் கும்பிட்டு வாங்கிக்கொள்ளலாம் என்றிருந்தார். அவள் மருந்தை வாங்கிக்கொண்டு சொன்னாள்:

"நீங்க ஒண்ணுமில்லைன்னு சொன்னீங்க பாருங்க, அதுலதானுங்க அவரு தெகிரியமா இருந்தாரு. அந்த ஒரு வாரமும் பயமில்லாம வேலைக்குப் போனாருங்க, சிரிச்சுப் பேசிட்டு இருந்தாருங்க. உங்குளுக்குப் புண்ணியமாப் போகுமுங்க சாமி."

அதற்குப் பிறகு திருமூர்த்தி யாரிடமும் அந்த வார்த்தையைச் சொல்லவில்லை. முள் குத்திக்கொண்டு வந்தவரிடம்கூட வாயைத் திறக்கச் சொல்லி உற்றுப் பார்ப்பார், பிறகு பேசாமல் கட்டுப் போடுவார். ஊசி என்னவோ கோயம்புத்தூரில்தான் இருந்தது. அந்த ஒரு வார்த்தையைக் கேட்கத்தான் ஜனங்கள் அவ்வளவு தூரம் நடந்து வந்திருக்கிறார்கள். அது கிடைக்காது என்று தெரிந்ததும், காயத்தோடு அவரவர் வீட்டிலேயே இருந்துவிட்டார்கள்.