ஒரே அழுகை

சமயநல்லூருக்குப் பக்கத்தில், எங்கள் நெற்களத்தில் சினிமா எடுத்தார்கள். கேமராமேன் டிவி செய்திகளுக்குப் படம் பிடித்தவர், சினிமாவுக்குப் புதிது. ஒல்லியான ஆள். ஷாட் முடிந்ததும் லென்ஸை மூடிவிடுவார்.

காட்சிப்படி மகனின் பிணத்தருகே நடிகை தரையில் அறைந்து அழுதாள். வளையல் உடைந்து தெறித்தது. அவர் லென்ஸை மூடினார்.

“இன்னொரு டேக் எடுய்யா. இது டிவி இல்ல, சினிமா!” என்று தயாரிப்பாளர் கத்தினார்.

“எழவு வீட்டுல இன்னொருக்கா அழுங்கன்னு நான் கேட்டதில்லண்ணே. இங்கயும் கேக்கமாட்டேன். வேற ஆளப் பாத்துக்கங்க. வாரேன்.”

மறுநாள் வேறு கேமராமேன் வந்து, அவளைத் திரும்பத் திரும்ப அழவைத்தார்.

மதுரையில் படம் பார்த்தேன். வளையல் தெறித்த அழுகைதான் திரையில் இருந்தது. டைட்டிலில் அதை எடுத்தவர் பெயர் இல்லை. அதனால் எனக்கும் தெரியாது.