ஜப்பான்காரர் கோடும் என் ஒட்டும்

அடுத்தவர் வரைந்த படத்தில் ஜப்பான் எழுத்தை அழித்துவிட்டுத் தமிழை ஒட்டுவது என் தொழில். வயிற்றெரிச்சல் இதில் இலவச இணைப்பு. மதுரையில் எங்கள் பதிப்பகம் ஒரு பிரபல ஜப்பான் ஓவியரின் சித்திரக்கதையைத் தமிழில் போடுகிறது. முப்பது வருஷமாக வாராவாரம் வரைகிறாராம், உலகமே காத்துக் கிடக்கிறதாம். நானும் ஓவியன்தான். என் கோட்டைப் பார்த்து வெளியாள் ஒருவராவது 'அடடா' என்று சொல்லிவிட மாட்டாரா என்று நானும் காத்துக் கிடக்கிறேன். உங்கள் ஆபீஸிலும் இப்படி ஒருவர் பேர் வாங்கிக்கொண்டிருப்பார், நீங்கள் பக்கத்தில் நின்று பல்லைக் கடித்துக்கொண்டிருப்பீர்கள். வாருங்கள், சேர்ந்து கடிப்போம்.

ஒல்லி பலூன்

ஜப்பான்காரர்கள் மேலிருந்து கீழே எழுதுவார்கள். அதனால் வசனம் வைக்கும் பலூன் ஒவ்வொன்றும் முருங்கைக்காய் மாதிரி ஒல்லியாக நிற்கும். அதற்குள் 'மன்னித்துவிடுங்கள்' என்பதை எப்படி நுழைப்பது? வரிக்கு இரண்டெழுத்தாக உடைத்துப் பார்த்தேன், கதாநாயகி திக்குவது போல் ஆகிவிட்டது. பலூனைக் கொஞ்சம் அகலமாக வரைந்துகொள்ளட்டுமா என்று முதலாளியிடம் கேட்டேன். அவர் தலை நிமிராமல் சொன்னார்: "பெரிய மனுசன் போட்ட கோட்டுல கை வைக்காதய்யா. பலூனுக்குத் தக்கன வசனத்தைச் சுருக்கு."

செத்தவன் சாப்பிட்டான்

முதல் புத்தகம் வந்தபோது, மொழிபெயர்ப்பு கைக்கு வருமுன், படங்களை மட்டும் பார்த்தேன். கதாநாயகன் செத்துக் கிடக்கிறான், பிறகு சண்டை போடுகிறான், பிறகு வீட்டில் உட்கார்ந்து சோறு தின்கிறான். எனக்கு வந்த சந்தோஷம் கொஞ்சநஞ்சமல்ல. அந்த ஆளுக்குக் கதையே சொல்லத் தெரியவில்லை என்று அச்சகம் முழுக்கத் தண்டோரா போட்டேன்.

பைண்டிங் பார்க்கும் காதர் பாய் புத்தகத்தை வாங்கி, வலது பக்கத்திலிருந்து புரட்டினார். சாப்பிட்டான், சண்டை போட்டான், செத்தான். பாய்க்குக் கண் கலங்கிவிட்டது. "நாங்க ஓதுறதே இப்படித்தானே. நீங்க பின்னாடியிருந்து படிச்சுப்புட்டு அந்த மனுசனை வையிறீங்களே, இது நாயமா?"

கண்டக்டரின் கால்

சொந்தமாக நானும் ஒரு சித்திரக்கதை வைத்திருக்கிறேன். திருமங்கலம் டவுன் பஸ்ஸில் துப்பறியும் கண்டக்டர். ஆறு வருஷத்தில் பதினோரு பக்கம். ஜப்பான்காரருக்குப் பின்னணி வரையவே தனியாக ஆட்கள் உண்டு, எனக்கு யார் இருக்கிறார்கள் என்று வீட்டில் புலம்பினேன். மனைவி பதினோரு பக்கத்தையும் பொறுமையாகப் பார்த்தாள். "பஸ்ஸுக்குள்ள இம்புட்டுக் கூட்டம் வரைஞ்சதே கண்டக்டர் காலை மறைக்கத்தானே? உங்களுக்குத்தான் காலு வராதே."

சோழவந்தான் மழை

இந்தக் கதைகளில் மழை பெய்தால் அதன் சத்தத்தையும் ஆள் உயர எழுத்தில் படத்தின் மேலேயே வரைந்துவிடுவார்கள். அதை நான் அழித்தால் படத்தில் ஓட்டை விழும். அந்த ஓட்டையை நிரப்ப மட்டும் எனக்கு அனுமதி உண்டு. எழுத்துக்கு அடியில் என்ன இருந்தது என்று யாருக்குத் தெரியும்? ஒரு மழைப் பக்கத்தில், சோழவந்தான் பஸ்ஸில் போகும்போது பார்த்ததை வரைந்தேன். அகத்தி மரத்தில் ஏறிய வெற்றிலைக் கொடி, நடுவே வாய்க்காலில் தேங்கிய தண்ணீர். உள்ளங்கை அகல இடத்துக்கு இரண்டு நாள் ஆனது. முதலாளி கவனிக்கவே இல்லை.

புத்தகக் கண்காட்சியில் ஒருத்தர் அந்தப் பக்கத்திலேயே நின்றுவிட்டார். சோழவந்தான்காரர், வெற்றிலை விவசாயி. நான் ஒட்டிய மூலையில் சரியாக விரலை வைத்து, "அடடா! எங்க கொடிக்காலேதாண்ணே! ஜப்பான்ல உக்காந்துக்கிட்டு எப்படிண்ணே இதைப் போட்டாரு?" என்றார். அது நான் வரைந்தது என்று சொல்லியே விட்டேன். அவர் என்னைப் பார்த்தார், பக்கத்தைப் பார்த்தார், விழுந்து விழுந்து சிரித்தார். "போங்கண்ணே, இதெல்லாம் அவரு கைக்குத்தாண்ணே வரும்!"

ஆக, ஆயுசுக்கும் நான் கேட்டிருந்த ஒரே ஒரு 'அடடா' என் கோட்டின் மேலேயே வந்து விழுந்தது, பேர்தான் ஜப்பானுக்குப் போய்விட்டது.