துவைத்த சட்டை

என் அலமாரியில் நீலக் கட்டம் போட்ட சட்டை ஒன்று இருக்கிறது. என் அளவும் இல்லை, நான் வாங்கியதும் இல்லை. மேடம் வேலையை விட்டுப் போன அன்று தன் மேசை இழுப்பறையிலிருந்து எடுத்துக் கொடுத்தது. "இனி நீ வச்சுக்கோ" என்பதற்கு மேல் அவர் எதுவும் சொல்லவில்லை.

மேடம், நடந்த கொலை வழக்குகளை ஆவணப்படமாக எடுக்கும் தயாரிப்பாளர். தூத்துக்குடியில் பழைய துறைமுகம் போகிற சாலையில், மாடியில் இரண்டு அறைதான் எங்கள் அலுவலகம். நான் அவருக்கு உதவி இயக்குநர். ஆளைப் பறிகொடுத்த வீட்டுக்கு முதல் நாள் கேமராவைக் கொண்டுபோக விடமாட்டார். கொடுக்கிற காப்பியைக் குடித்துவிட்டு, அவர்கள் பேசுவதைக் கேட்டுக்கொண்டே உட்கார்ந்திருப்பார். எனக்கானால் எரிச்சலாக வரும். அந்த வயதில் எனக்கு எல்லாம் சீக்கிரம் முடிய வேண்டும்.

வேம்பாரில் ஒரு அம்மா. துறைமுகத்தில் லாரி ஓட்டிய அவருடைய ஒரே மகனை உப்பளத்து வரப்பில் வெட்டிப் போட்டிருந்தார்கள். நாலு வருடமாகியும் யாரையும் பிடிக்கவில்லை. படம் வந்தால் வழக்கு அசையும் என்று நம்பித்தான் மகனின் சட்டையை மேடத்திடம் கொடுத்தார். அது ஆணியில் தொங்குவதாக ஒரு ஷாட், அவ்வளவுதான் பேச்சு. "எப்படி வாங்குனோமோ அப்படியே திரும்பப் போகணும்" என்று மேடம் என்னிடம் ஒப்படைத்தார். எப்போதும் சொல்வதுதானே என்று நினைத்துக்கொண்டேன்.

கொலையை நடித்துக் காட்டும் நாளில், கடையில் வாங்கி வைத்திருந்த சட்டையின் நிறம் கேமராவில் ஒட்டவில்லை. வெயில் ஏறிக்கொண்டிருந்தது. யாரையும் கேட்காமல் அசல் சட்டையையே எடுத்து நடிகனுக்கு மாட்டிவிட்டேன். போலி ரத்தம் காலர்வரை தெறித்துவிட்டது. அந்தக் கறையோடு ஒரு தாயிடம் எப்படிக் கொடுப்பது? நானே இரண்டு தடவை சோப்புப் போட்டுத் துவைத்து, இஸ்திரியும் போட்டு வைத்தேன். நல்ல காரியம் செய்ததாகத்தான் நினைப்பு.

மேடமும் நானும் திருப்பிக் கொடுக்கப் போனபோது அந்த அம்மா சட்டையை விரித்துக்கூடப் பார்க்கவில்லை. முகத்தில் வைத்தவர் வெகுநேரம் எடுக்கவில்லை.

"சோப்பு வாசந்தான் வருது" என்றார். பிறகு மேடத்தைப் பார்த்து, "நாலு வருசமா இதுல தண்ணியே படவிடலம்மா. அவன் வாசம் போயிரும்னு ஒங்ககிட்ட சொன்னேம்லா" என்றார்.

எனக்கு அப்போதுதான் விளங்கியது. மேடம் என் பக்கம் திரும்பவே இல்லை. "நான்தான் துவைக்கச் சொன்னேன்" என்றார்.

"இனி இது எனக்கு எதுக்கு?" என்று அந்த அம்மா சட்டையைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். நான் வாயைத் திறக்கவில்லை. கோழைத்தனம்தான், வேறென்ன சொல்ல?

படம் வந்தது, எங்களுக்குப் பேரும் வந்தது. வழக்கு மட்டும் போட்ட இடத்திலேயே கிடக்கிறது. அதற்குப் பிறகு எந்த வீட்டிலும் செத்தவர் பொருளை மேடம் கையால் தொடவில்லை. என்னை ஒரு வார்த்தை கேட்கவும் இல்லை. திட்டித் தீர்த்திருந்தால் தேவலை.

இப்போது அவர் நாற்காலியில் நான் உட்கார்ந்திருக்கிறேன். போன மாதம் சட்டையை எடுத்துக்கொண்டு வேம்பார் போனேன். நடிகனுக்கு மாட்டிவிட்டது, கறையாக்கியது, துவைத்தது எல்லாம் நான்தான் என்று அந்த அம்மாவிடம் சொன்னேன். அவர் கோபப்படவில்லை.

"உடுத்துன பையனுக்கு அளவா இருந்துச்சா?" என்று கேட்டார்.

"இருந்துச்சும்மா."

"அப்ப அவனுக்கே குடுத்துருங்க தம்பி. யாராவது போட்டு நடமாடட்டும்."

தலையாட்டிவிட்டு வந்தேன். செத்தவனுக்கு எத்தனை வெட்டு, எந்தக் கையால் தடுத்தான், எந்தப் பக்கம் சாய்ந்தான் எல்லாம் எனக்கு இன்றும் மனப்பாடம். அவனாக நடித்தவன் பேர் மட்டும் நினைவில்லை. சட்டை என் அலமாரியில்தான் இருக்கிறது.