டைனமைட் பெட்டிப் பலகையில் மாமா முகம்

சுண்ணாம்பு வாசனை...

ஈரச் சுவத்துல முதல் பூச்சு ஏறினதும் சில்லுனு ஒரு வாசனை கிளம்பும் பாருங்க. அதுதான் எனக்குக் கோலார் தங்க வயல். லண்டன்ல எந்த வீட்டுக்கு யாரு வெள்ளையடிச்சாலும் வாசல்ல ஒரு நிமிஷம் நின்னுடுவேன். கூட வர்றவங்க "என்னாச்சு மல்லே?"ன்னு கேப்பாங்க. என் பேரு ஏழுமலை. இவங்க வாயில அவ்வளவுதான் வருது.

அப்போ எனக்கு இருபது வயசு இருக்கும். குடியாத்தம் பக்கத்துல இருந்து பஞ்சம் பொழைக்க வந்த குடும்பம். அப்பா, அம்மா ரெண்டு பேரும் போயிட்டாங்க. மிச்சம் முனியம்மா அக்காவும் மாமாவும்தான். கோரமண்டல் சுரங்கத்துப் பக்கம் ஒரு தட்டி வீட்டுல மூணு பேரும் இருந்தோம்.

மாமா சுரங்கத்துக்குள்ள இறங்கற ஆளு. நான் மேல. துரைங்க பங்களாவுக்கு வெள்ளையடிப்பேன், சுரங்கத்துக்கு இறங்கற ஷாஃப்ட் பக்கம் போர்டு எழுதுவேன். சிவப்பு, கறுப்பு, வெள்ளை... கையில இருந்த பெயிண்ட் அதுதான்.

ஒரு நாள் காலை ஷிஃப்ட்ல கீழ பாறை சரிஞ்சுது. ஆளுங்களை ஏத்தி இறக்கற கேஜ் மேல வந்தப்போ மாமாவைத் தூக்கிக்கினுதான் வந்தாங்க.

போட்டோ எல்லாம் துரைங்க வீட்டு சமாச்சாரம். மாமா முகம்னு எங்ககிட்ட ஒண்ணுமே இல்ல. காரியம் முடிஞ்சு கொஞ்ச நாள் கழிச்சு, அக்கா அடுப்பு முன்னாடி உக்காந்துக்கினு சொன்னா...

"டேய், அவரு மூக்கு எப்டி இருந்துச்சுன்னு யோசிச்சா வர மாட்டேங்குது. பயமா கீதுடா. நீதான் போர்டெல்லாம் எழுதறியே... அவரை எழுதிக் குடு."

"நான் எழுத்து எழுதறவன் அக்கா."

"எழுத்து எழுதற கை மூஞ்சி எழுதாதா?"

டைனமைட் வர்ற மரப்பெட்டியில இருந்து ஒரு பலகையைப் பேத்து எடுத்தேன். சிவப்பையும் கறுப்பையும் கலந்து தோல். மீசைக்குக் கறுப்பு. தொப்பியில களிமண்ணை அப்பி மெழுகுவர்த்தி சொருகிக்கினு இறங்குவாங்க இல்ல, அதையும் எழுதினேன்.

அக்கா பலகையை மடியில வச்சுக்கினு பாத்தா. அழுவான்னு நெனச்சேன். "காது இன்னும் கொஞ்சம் பெருசுடா"ன்னா. திருத்தினேன்... அப்புறம்தான் அழுதா.

விஷயம் பரவிடுச்சு. புருஷனை இழந்தவங்க, சுரங்கத்துக்குப் புள்ளையைக் குடுத்தவங்க, ஒவ்வொருத்தரா பலகையோட வந்தாங்க. "சிரிச்சா ஒரு பக்கம் குழி விழும் தம்பி"ன்னு சொல்லுவாங்க. கேட்டுக் கேட்டு எழுதுவேன்.

ஆனா அதுலயே ஊரு எனக்குப் பயப்பட ஆரம்பிச்சுது. நான் யாரையாவது உத்துப் பாத்தா, அவங்க முகத்தை மனசுல எழுதிக்கிறேன்னு... அடுத்தது அவங்கதான்னு... யாரோ கிளப்பி விட்டுட்டாங்க. ஆறுமுகம்னு ஒரு சிநேகிதன், சின்ன வயசுல இருந்து ஒண்ணா திரிஞ்சவன். அவனே ஒரு நாள் முகத்தைத் துண்டால மறைச்சுக்கினு சொன்னான்.

"டேய் ஏழுமலை, என்னைப் பாக்காதடா. நாளைக்கு எனக்கு ஷிஃப்ட் கீது."

சிரிச்சேன். அவன் சிரிக்கல.

மாரிக்குப்பத்துல ஒரு பொண்ணு பாக்கப் போனோம். காபி வந்துச்சு, பொண்ணு வரல. நான் பாத்துடக் கூடாதாம்.

அப்போதான் நான் வெள்ளையடிச்ச ஒரு பங்களாவோட துரைசானி, சீமைக்குத் திரும்பிப் போறப்போ என்னையும் வீட்டு வேலைக்குக் கூப்பிட்டாங்க. நான் எழுதின பலகை ஒண்ணை எங்கயோ பாத்திருக்காங்க. அங்க படம் கத்துக்கலாம்னாங்க. அக்காவை விட்டு எப்டிப் போறதுன்னு தயங்கினேன்.

அக்கா சொன்னா, "போடா. இங்க உன்னை நேரா பாக்கறவ நான் ஒருத்திதான். அது போதாது ஒரு மனுஷனுக்கு."

ரயிலேறின அன்னைக்கு ஆறுமுகம் வந்திருந்தான். பிளாட்பாரத்துக் கடைசியில எனக்கு முதுகைக் காட்டிக்கினு நின்னான். வண்டி நகர்ந்ததும், திரும்பாமலே கையைத் தூக்கி ஆட்டினான்.

இங்க வந்து பல வருஷம் ஷூ தொடச்சேன், கரி சுமந்தேன். துரைசானியோட ஊரு கடற்கரை ஊரு. அங்க படம் எழுதறவங்க கூட்டம் ஒண்ணு இருந்துச்சு. முதல்ல அவங்க முன்னாடி சும்மா உக்காந்தேன், என்னை எழுதினாங்க. அப்புறம் பிரஷ்ஷைக் கேட்டு வாங்கினேன். எனக்குக் கொஞ்சம் பேரு கெடச்சதும் லண்டன் வந்துட்டேன். என் படங்களைப் பாத்து நவீனம்னு பேசிக்கிறாங்க. போர்டு எழுதின கைக்கு அப்டித்தான் வருது, வேற இன்னா?

கோலார்ல நான் பாத்தா துண்டைப் போட்டு மூடிக்குவாங்க. இங்க நல்லா உடுத்திக்கினு வந்து, நான் பாக்கறதுக்குன்னே உக்காருறாங்க. முடிஞ்சதும் கை குலுக்கிட்டுப் போயிடறாங்க. அப்புறம் நாளெல்லாம் ரூம்ல ஒரு பேச்சு இருக்காது...

கோலார் சுரங்கத்துல இப்போ கரண்ட் விளக்கெல்லாம் வந்துடுச்சாம். அக்கா போன செய்தி எனக்கு வந்தப்போ, காரியமே முடிஞ்சு போயிருந்துச்சு.

போன மாசம் துறைமுகத்துப் பக்கம் நடந்துக்கினு இருந்தேன். மெல்லிசு சட்டையில ஒருத்தன் நடுங்கிக்கிட்டு, குளிரைத் தமிழ்ல திட்டிக்கிட்டு இருந்தான். நாகூர்க்காரன், கப்பல்ல வேலை. பேச்சுக் குடுத்தேன். எனக்கே என் குரல் புதுசா இருந்துச்சு.

"இங்க என்ன வேலைண்ணே?"

"பெயிண்டர்."

"எந்தக் கப்பலுக்கு?"

படம் எழுதறவன்னு விளக்கிச் சொல்லத்தான் வாயெடுத்தேன். "இப்போ வேலை இல்லப்பா... தேடிக்கினு கீறேன்"னு வந்துடுச்சு.

"அட, அப்ப வாங்க. சோறு இருக்கு"ன்னு கப்பலுக்கே கூட்டிக்கிட்டுப் போயிட்டான். கருவாட்டுக் குழம்பு. நாலஞ்சு பேரு சுத்தி உக்காந்து, என் மூஞ்சியையே பாத்துக்கிட்டு, போதும் போதும்னாலும் போட்டாங்க.

இறங்கறப்போ தோள்ல தட்டிக் குடுத்தான்.

"கவலைப்படாதீங்கண்ணே. வேலை கெடச்சுடும்."

சரிப்பான்னேன்.