சலூன்காரரின் ஆமாம்

சலூன்காரருக்கு ஊரில் யாரோடும் பகை கிடையாது. நாற்காலியில் உட்கார்ந்தவர் எந்தக் கட்சியோ, அவர் எழுந்திருக்கும்வரை இவரும் அந்தக் கட்சி. எல்லைக்கு அப்பாலிருந்து வந்து குடியேறியவர்களை விரட்ட வேண்டும் என்று ஒருவர் சொன்னால், "ஆமாங்க." அடுத்தவர் வந்து, அவர்களும் இந்த நாட்டு மக்கள்தானே என்றால், அதற்கும் "ஆமாங்க." அப்படித்தான் பிழைப்பு ஓடியது. அவர் மனைவி எல்லைக்கு அப்பால் பிறந்தவள் என்கிற செய்தி மட்டும் கடைக்குள் நுழைந்ததே இல்லை.

படம் எடுக்கிற பெண் ஒரு மழைக்காலம் முழுவதும் கடை மூலையில் கேமராவோடு உட்கார்ந்திருந்தாள். நாடு இந்த விஷயத்தில் இரண்டுபட்டுக் கிடப்பதைப் படமாக்கப் போவதாகச் சொல்லியிருந்தாள். பேட்டி எடுக்கமாட்டாள். வருகிறவர்களிடம் சம்மதம் கேட்பாள். அதற்குப் பிறகு வாயைத் திறக்கமாட்டாள். கூட்டம் நெருக்கினால் தரையில் கிடக்கும் முடியைப் பெருக்கித் தள்ளுவாள். போகப்போக அவளும் கேமராவும் துண்டு காயும் கம்பி மாதிரி ஆகிவிட்டார்கள். யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை.

படத்தில் இருப்பவர்கள் பார்க்காமல் வெளியார் பார்க்கக்கூடாது என்பது அவள் தனக்குப் போட்டுக்கொண்ட விதி. அதனால் ஒரு ஞாயிறு மதியம் மடிக்கணினியோடு அவர் வீட்டுக்கே வந்தாள்.

படம் ஓடத் தொடங்கியது. மாதக்கணக்கில் அவர் தனித்தனியாகச் சொன்ன ஆமாம்களை அவள் அடுத்தடுத்து ஒட்டியிருந்தாள். இனி இரண்டு தரப்பும் பார்க்கும். முதல் கல் எந்தப் பக்கத்திலிருந்து வரும் என்பதுதான் பாக்கி.

மனைவி சிரித்துவிட்டாள். "வாய்க்குள்ள எத்தனை நாக்குதான் வச்சிருக்கீங்க?"

"சும்மா இரு. கடையைக் கொளுத்திடுவானுங்க."

தன் பேச்சையெல்லாம் வெட்டிவிடும்படி அந்தப் பெண்ணிடம் கெஞ்சினார். வெட்டினால் படத்தில் ஒன்றும் மிஞ்சாது, ஆனாலும் உங்கள் இஷ்டம்தான், முழுக்கப் பார்த்துவிட்டுச் சொல்லுங்கள் என்றாள் அவள்.

பார்த்தார். மரக்கடை முதலாளி தலையைச் சாய்த்து, கண்ணை மூடி, தொண்டையை நீட்டியிருக்கிறார். வந்தேறிகளை லாரியில் ஏற்றி அனுப்ப வேண்டும், அவர்களைக் கட்டிக்கொண்டவர்களையும் சேர்த்தே ஏற்ற வேண்டும் என்கிறார். சலூன்காரர் ஆமாம் சொல்லவில்லை. கழுத்தில் ஓடிக்கொண்டிருந்த கத்தி நின்றுவிட்டது. முகத்தில் கோபம்கூட இல்லை. கத்தி தோலை லேசாக அழுத்தியிருக்கிறது. நுரை ஒரு சொட்டு வழிகிறது. பிறகு கை எப்போதும்போல நகர்கிறது.

அப்படி நின்றது அவருக்கு நினைவே இல்லை.

மனைவியின் சிரிப்பு எப்போதோ நின்றிருந்தது. அவள் திரையைப் பார்க்கவில்லை. அவர் கையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் அதைத் தொடைக்கு அடியில் செருகிக்கொண்டார்.

"இதை மட்டும் எடுத்துடும்மா. மத்ததெல்லாம் இருக்கட்டும்."

படம் எடுக்கிற பெண்ணுக்குப் புரியவில்லை. "பேசினதுக்குத்தானேங்க பயந்தீங்க? இதுல நீங்க வாயே திறக்கலையே."

"கொளுத்தினா கொளுத்தட்டும்மா. இதை எடுத்துடு."

மறுநாள் மரக்கடை முதலாளி வந்து உட்கார்ந்து, வழக்கம்போலத் தலையைச் சாய்த்தார். பிளேடு தீர்ந்துவிட்டது, வேறு கடை பார்த்துக்கொள்ளுங்கள் என்றார் சலூன்காரர். புதுப் பிளேடுப் பெட்டி கண்ணாடிக்கு முன்னால் பிரிக்காமல் இருந்தது. இருவரும் அதைப் பார்த்தார்கள்.