தங்கைக்காக நான் எழுதிய கடிதம்

இதை எழுதிவைக்கும் கடமை எனக்குண்டு. என் தங்கையின் விபத்து இழப்பீட்டுக் கோப்பில் நான் எழுதிய ஒரு பக்கக் கடிதம் இருக்கிறது. அது எவ்வாறு எழுதப்பட்டது என்பது அக்கோப்பில் எங்கும் இல்லை.

தங்கை கண்டியை அடுத்த ஹந்தானையில் ஒரு தேயிலைத் தோட்டத்து முன்பள்ளி ஆசிரியை. சென்ற ஆண்டு மழைக்காலத்தில், சாலையோரம் பேருந்துக்காக நின்றவளை, வளைவில் அகன்று திரும்பிய வேன் ஒன்று இடித்துத் தள்ளியது. இடது முழங்கால் நொறுங்கிற்று. மூன்றாம் நாள் அந்த வேனின் ஓட்டுநர், மனைவியோடும் கைக்குழந்தையோடும் மருத்துவமனைக்கு வந்தார். ஹேவாஹெட்டப் பக்கத்து இளைஞர். பழப்பையைக் கீழே வைக்கவும் தோன்றாமல் நின்றார். நோயாளியைப் பார்க்க வந்தவரை முகம் வாடத் திருப்பியனுப்புவது எங்களிடையே வழக்கமன்று.

"பயப்படாதீங்க தம்பி. நானும் கொஞ்சம் உள்ள தள்ளி நின்னிருக்கணும்," என்றாள் தங்கை. "புள்ள நனைஞ்சிருக்கு. மொதல்ல தலைய தொடைங்க."

"மொதலாளி வேலைய விட்டு நிப்பாட்டப் போறாரு அக்கா. இப்ப சொன்னத ஒரு கடுதாசியா குடுத்தீங்கன்னா பொழச்சுக்குவேன்."

அவள் என் பக்கம் திரும்பினாள். "நீங்களே எழுதிருங்கண்ணே. உங்க எழுத்து தான் பாக்க லெச்சணமா இருக்கும்."

எழுதினேன். வாழ்நாளெல்லாம் தமிழ் கற்பித்தவன். தயங்கி நிற்கும் வாக்கியத்தை என் கை ஏற்காது. அவள் சொன்ன "கொஞ்சம்" தாளில் ஏறவில்லை. "இவ்விபத்துக்கு எனது கவனக்குறைவே காரணம், ஓட்டுநர்மீது யாதொரு குற்றமும் இல்லை" என்று முடித்தேன். அவள் வாசிக்காமலே ஒப்பமிட்டாள்.

அக்கடிதம் முதலாளி வழியாக வேனின் காப்புறுதி நிறுவனத்தை எட்டியது. பல மாதங்களின் பின் அந்நிறுவனம் அவளது இழப்பீட்டுக் கோரிக்கையை நிராகரித்தது. கோரியவரே பிழையை ஒப்புக்கொண்டுள்ளார் என்ற ஒரு வரியே காரணம். எந்தச் சான்றைக் கொண்டு முடிவெடுக்கிறார்கள் என்று முன்னரே அறிவிக்கவுமில்லை. அவளை அழைத்து ஒரு வினா வினவவுமில்லை. நான் அவர்களது கண்டி அலுவலகத்துக்குச் சென்றேன். அக்குறணையைச் சேர்ந்த எழுதுவினைஞர் ஒருவர் கதிரை தந்து, கடிதத்தைக் காட்டினார்.

"சேர், இது உங்கட எழுத்துத்தானே?"

"ஆம். ஆனால், எழுதிய சூழல்..."

"ஓம், இல்ல, ரெண்டுல ஒண்டச் சொல்லுங்க சேர். சூழலுக்கு இந்த போர்ம்ல இடமில்ல."

அவர் கடுமையாகப் பேசவில்லை, தேநீர்கூட வருவித்தார். கடிதத்தைத் தாமே கேட்டுப் பெற்றதாக ஓட்டுநர் எழுதித் தந்தால் மறுபரிசீலனைக்கு வழியுண்டு என்றார். அன்றே ஓட்டுநரைத் தொலைபேசியில் அழைத்தேன்.

"அப்படி சொன்னா நாளைக்கே சாவிய வாங்கிருவாங்க அய்யா. என்னைய விட்டுருங்க."

நான் வற்புறுத்தவில்லை. அவர் கேட்டது அவள் சொன்னதை மட்டுமே, மிகுதி என்னுடையது. கடிதம் பிழையென்று நான் சொன்னால், அன்று பிழையாக எழுதியவனை இன்று எவர் நம்புவார்? சரியென்றால் தங்கையின் கால் போயிற்று. இழப்பீட்டுப் பணத்தை நம்பியிருக்கும் மறு அறுவைச் சிகிச்சை தள்ளிப்போகப் போக மூட்டு இறுகிவிடும் என்கிறார் மருத்துவர். முன்பள்ளிக்கு ஏறும் படிகளை அவள் இப்போது கீழிருந்து பார்ப்பதோடு சரி.

"வேன் ஒரு தடவ தான் இடிச்சிச்சு," என்பாள் சிரித்தபடி. "உங்க கடுதாசி தெனமும் இடிக்குதுண்ணே."



சென்ற வாரம் மறுபரிசீலனைக்கு விண்ணப்பித்தோம். "கவனக்குறைவு" என்ற சொல் அவளுடையதன்று, என்னுடையது என்று எழுதி நானே ஒப்பமிட்டேன். ஓட்டுநரைப் பற்றி ஒரு வரியும் சேர்க்க வேண்டாமென்று அவள் தடுத்துவிட்டாள். அவர் வாக்குமூலமின்றி அவ்விண்ணப்பம் நிற்குமா என்பது எனக்குத் தெரியாது. இன்னும் பதில் வரவில்லை. இங்கும் எவர் பெயரையும் நான் எழுதவில்லை.

அன்று பக்கத்துக் கட்டில்களில் படுத்திருந்து அவள் பேசியதைக் கேட்டவர்கள் எவரேனும் இதை வாசிக்க நேரலாம். அவள் சொல்லாத ஒன்றை இங்கும் நான் சேர்த்திருந்தால், சொன்ன ஒன்றை விட்டிருந்தால், தயைகூர்ந்து திருத்தித் தாருங்கள்.